கதவாகி வந்த காடு

2024 ஜனவரி 9, செவ்வாய்

பேரூர்க்கடையில் பஸ் கிடைக்கவில்லை, வேலைக்கு ஆட்டோவில் போனேன். அம்மாவுக்குச் சர்க்கரை மறுபடி ஏறியிருக்கிறது. சோற்றைக் குறை என்றால், போனக்காட்டு எஸ்டேட்டில் கொழுந்து பறித்த காலத்தில் கிடைக்காத சோறு, இப்போதும் தின்னக்கூடாதா என்று கேட்கிறாள்.

எங்கள் மர ஆய்வகத்துக்கு மூன்று மரத்துண்டுகள் வந்திருக்கின்றன. துணியில் சுற்றி அரக்கு முத்திரை வைத்திருக்கிறார்கள். துறைமுகத்தில் சுங்கத்துறை நிறுத்தி வைத்திருக்கும் சரக்கிலிருந்து வெட்டியவை. இறக்குமதிக்காரர் கொடுத்த காகிதத்தில் 'ஆப்பிரிக்கா, பலவகைக் கடினமரம்' என்று மட்டும் இருக்கிறதாம். என்ன மரம் என்று நாங்கள் சொல்ல வேண்டும்.

ரெஜி சார் எங்கள் ஆய்வகத்தின் தலைவர். அதிகம் பேசாதவர். துண்டுகளை என் மேஜையில் வைத்து, இது அஜிதா பார்க்கட்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். என்னைவிட மூத்தவர்கள் இரண்டு பேர் அங்கேதான் இருந்தார்கள். என்னிடம் வைத்தார். இங்கே எழுதி வைக்கிறேன். வேறு யாரிடம் பீற்றிக்கொள்வது?

2024 ஜனவரி 11, வியாழன்

துண்டைக் கொதிக்கவைத்து இளக்கி, இயந்திரத்தில் சீவினேன். வெளிச்சம் ஊடுருவும் அளவுக்கு மெல்லிசாக வர வேண்டும், கிழியவும் கூடாது. என் சீவல் கிழியாது. அகங்காரம் என்றால் அகங்காரம்தான். இந்தக் கை வருவதற்கு எத்தனை வருஷம்.

மைக்ரோஸ்கோப்பில் பார்த்ததுமே சந்தேகம் வந்தது. மரத்தூளைத் தண்ணீரில் போட்டு, புற ஊதா விளக்கில் காட்டினேன். நீலம். சும்மா நீலமில்லை, மயில் கழுத்து. அம்மா சர்க்கரைக்காக வேங்கைமரக் குவளையில் தண்ணீர் ஊற்றி வைத்துக் குடிக்கிறாளே, அதை வெயிலில் பிடித்தால் ஓரத்தில் இதே நீலம் மினுங்கும். நம் பொன்முடிச் சரிவில் நிற்கிற வேங்கைக்கு ஒன்றுவிட்ட சகோதரி ஒருத்தி கடல் தாண்டி வந்திருக்கிறாள்.

ஆப்பிரிக்காவில் வளரும் வேங்கைச் சாதி எதையும், அந்த நாட்டின் தனி அனுமதி இல்லாமல் கடல் தாண்டிக் கொண்டுவரக் கூடாது. 2023 பிப்ரவரியிலிருந்து உலக நாடுகள் சேர்ந்து வைத்த விதி. அங்கே அவ்வளவு வேகமாக அழிகிறது. மூன்று துண்டுகளில் ஒன்று என் தொடை அளவுகூட இல்லாத மரத்திலிருந்து வந்தது. பெரியவை தீர்ந்தபிறகு இளசுகளில் கை வைக்கிறார்கள் என்று அர்த்தம்.

2024 ஜனவரி 12

'வேங்கைச் சாதி. ஐயமில்லை.' அறிக்கையில் கையெழுத்துப் போட்டேன்.

2024 ஜனவரி 28, ஞாயிறு

தம்பி பிரபின் வீட்டில் மதியச் சாப்பாடு. நெடுமங்காட்டில் அவனுடைய கதவுப் பட்டறையை ஒட்டியே வீடு. அவன் மனைவி அனுஷா மரச்சீனிக் கிழங்கும் மீன்குழம்பும் வைத்திருந்தாள். பிரபின் ரொம்ப உற்சாகமாக இருந்தான். கழக்கூட்டத்தில் ஐடிக்காரர்களுக்காகக் கட்டுகிற வில்லாக்கள் முழுவதற்கும் கதவு செய்கிற வேலை அவனுக்குக் கிடைத்திருக்கிறது. தச்சாசாரிகளுக்கு ஆள் பிடித்துக் கொடுத்துக்கொண்டிருந்தவன், இன்று சொந்தப் பட்டறையில் இவ்வளவு பெரிய வேலை. அம்மா அவன் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள். எனக்கும் நெஞ்சு நிறைந்திருந்தது, பட்டறைக்குள் போகிறவரைக்கும்.

சிவந்த பலகைகள், அடுக்கடுக்காக. வாசனையிலேயே தெரிந்துவிட்டது. டிசம்பரில் எடுத்ததாம். குற்றாலலிங்கம் என்கிற மர ஏஜெண்டு கொண்டுவந்து இறக்கியிருக்கிறார். மார்க்கெட்டில் இதற்கு 'ரோஸ்' என்று பேர்.

எங்கள் மேஜைக்கு வருவதைப் பற்றி வெளியே வாய் திறக்கக் கூடாது. அது வேலையின் முதல் விதி. "இந்த மரம் இனி எடுக்காதே" என்று மட்டும் சொன்னேன். ஏன் என்று கேட்டான். சொல்ல முடியாது என்றேன்.

"அக்கா, ஊரு முழுக்க இந்த மரம்தான். நான் மட்டும் எடுக்காம இருந்தா போதுமா?" என்று சிரித்தான்.

சொல்லியிருந்தால் என்ன செய்திருப்பான்? மறைத்திருப்பான். மறைக்க நான் உதவினவள் ஆகியிருப்பேன். சரியாகத்தான் செய்தேன். பின்னே ஏன் குழம்பின் ருசியே நினைவில் இல்லை?

2024 பிப்ரவரி 8, வியாழன்

அந்த இறக்குமதிக்காரரின் முந்தைய சரக்கு போன பட்டறைகளில் அதிகாரிகள் சோதனை போட்டிருக்கிறார்கள். பிரபினுடையதும் அதில் ஒன்று. மரத்துக்கெல்லாம் சீல் வைத்துவிட்டார்கள், பாதி இழைத்த கதவுகளுக்கும் சேர்த்து.

2024 பிப்ரவரி 10, சனி

வந்தான். செருப்பைக்கூடக் கழற்றவில்லை. அறிக்கையில் என் பெயர் இருப்பதைக் குற்றாலலிங்கம் சொல்லியிருக்கிறார்.

"ஜனவரியிலயே உனக்குத் தெரியும். தெரிஞ்சுட்டு எம் வீட்டுல உக்காந்து சோறு தின்னுருக்க."

ஆமாம் என்றேன். வழக்கு முடியும்வரை மரத்தைத் தொட முடியாது. வில்லாக்காரர்கள் காத்திருக்க மாட்டார்கள். இதையெல்லாம் அவன் சொல்லச் சொல்ல, அம்மா உள்ளே போய்ப் பையில் சேலைகளை அடுக்க ஆரம்பித்தாள்.

"நீ படிச்சவ. உனக்கு உன் வேலை இருக்கு. அவனுக்கு இப்ப நான்தான் வேணும்" என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. கல்யாணம் வேண்டாம் என்று நான் நின்றபோது ஊரே பேசியும் என் பக்கம் நின்றவள் அவள்.

வாசல்வரைக்கும் பையைத் தூக்கிக்கொண்டு போனேன். பிரபின் வாங்கிக்கொண்டான். என்னைப் பார்க்கவில்லை.

2024 பிப்ரவரி 25

ஆற்றுக்கால் பொங்கல். திருவனந்தபுரம் முழுக்கச் செங்கல் அடுப்பு, முழுக்கப் புகை. அம்மா அனுஷாவோடு கிழக்கேகோட்டையில் அடுப்பு வைத்திருக்கிறாள் என்று கேள்வி. நான் வீட்டுக்கு முன்னால் தெருவோரத்தில் தனியாக வைத்தேன். பானை பொங்கியது. குலவையிடக் கூட ஆளில்லை. பக்கத்து அடுப்புக்கார அம்மிணிச் சேச்சி எனக்கும் சேர்த்துக் குலவையிட்டாள்.

2024 மார்ச் 21, வியாழன்

உலக வன நாளாம். கழக்கூட்டத்து மென்பொருள் நிறுவனம் ஒன்றில் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். ரெஜி சார் என்னை அனுப்பினார். ஏசி ஹால், கழுத்தில் அட்டை மாட்டிய பிள்ளைகள். பாதிப்பேர் போனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

காட்டை வெட்டுவது யார் என்று கேட்டேன். மரக் கடத்தல்காரன் என்றார்கள். அவனும்தான். ஆனால் உலகத்தில் காடு அதிகம் போவது வயலுக்கும் மேய்ச்சலுக்கும் என்றேன். ஒரு கண்டத்தில் மாட்டிறைச்சிக்கும் சோயாவுக்கும் கொளுத்துகிறார்கள். இன்னொரு பக்கம் பாமாயிலுக்கு. நீங்கள் இப்போது தின்கிற பிஸ்கட்டின் பின்பக்கத்தைப் படியுங்கள் என்றதும், நிஜமாகவே சிலர் திருப்பிப் பார்த்தார்கள். போன் கீழே போனது.

அப்புறம் சொல்ல நினைக்காத ஒன்றைச் சொன்னேன். நான் போனக்காட்டு லயத்தில், எஸ்டேட் கூலிகளின் வரிசை வீட்டில், பிறந்தவள். அந்த மலையில் தேயிலைக்கு முன்பு காடு இருந்தது. துரைக்காகத் திருநெல்வேலிச் சீமையிலிருந்து நடத்திக் கொண்டுவரப்பட்டு அதை வெட்டினது என் அம்மாவின் பாட்டனார். ஊரில் மழை பொய்த்திருந்தது, கோடாலி கொடுத்தார்கள், வெட்டினார். லாபம் லண்டனுக்குப் போனது. மரம் இல்லாத மலையும் லயமும் எங்களுக்கு. இன்றைக்கும் உலகம் முழுக்க இதே கதைதான் நடக்கிறது. கோடாலி ஏழையின் கையில், மரம் யாருடைய வாசலிலோ.

உங்கள் வீட்டு வாசல் கதவு என்ன மரம் என்று கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. முடிந்து இறங்கும்போது ஒரு பெண் பின்னாலேயே வந்தாள், புது வில்லா வாங்கியிருக்கிறாளாம், எப்படித் தெரிந்துகொள்வது என்று கேட்டாள். எந்த வில்லா என்று நான் கேட்கவில்லை. கேட்கத் தைரியமில்லை.

ஆனாலும் பேருந்தில் திரும்பும்போது முதுகு நேராகத்தான் இருந்தது. லயத்துப் பிள்ளை நான், அந்த ஹாலில் நின்று அதைச் சொன்னேன்.

2024 ஜூன் 13

மேற்கு ஆப்பிரிக்காவில் இதே வேலை செய்கிற ஒரு பெண்மணியோடு கணினியில் பேசினோம். எங்கள் ஸ்லைடுகளை அவர் பார்த்தார், அவருடையதை நாங்கள். அந்த ஊரின் வேங்கைக்கு என்னென்னவோ உபயோகம். கோடையில் புல் காய்ந்தபின் மாடுகளுக்கு அதன் தழைதான் தீனி. பட்டையில் மருந்து. இப்போது மாட்டுக்காரர்கள் தழை தேடி அடுத்தவர் வயல்வரை போகிறார்கள், அதனால் அடிதடி. மண் பறந்து வந்து கிணற்றை மூடுகிறது, பெண்கள் தண்ணீருக்கு இன்னும் தூரம் நடக்கிறார்கள்.

வெட்டுகிறவர்கள் மேல் அவருக்குக் கோபமில்லையா என்று கேட்டேன். விளைச்சல் இல்லாத வருஷத்தில்தான் வாங்குகிறவன் லாரியோடு வருவான், ஒரு மரத்துக்கு ஒரு மூட்டை அரிசி, என் பெரியப்பா மகனும் வெட்டினான் என்றார்.

என் தம்பி அந்த மரத்தில் கதவு செய்தான் என்று நானும் சொன்னேன். அப்புறம் அவர் என் சீவல்களைப் பாராட்டினார். அழகாக இருக்கின்றனவாம்.

2024 ஜூலை 30, செவ்வாய்

வயநாட்டில் மழையில் மலை சரிந்து இறங்கிவிட்டது. ஊரே போய்விட்டது. எஸ்டேட் லயங்களில் இருந்தவர்களும், தமிழாட்களும்.

மாலையில் அம்மா போன் செய்தாள், பிப்ரவரிக்குப் பிறகு முதல் முறை. டிவி பார்த்துக்கொண்டே அழுதாள். மரம் இருந்திருந்தா நின்னிருக்குமா என்று கேட்டாள். அந்த மழைக்கு எது நிற்கும், எனக்குத் தெரியாதும்மா என்றேன். வேர் இருந்தால் மண் கொஞ்சம் பிடிக்கும், அது தெரியும். இந்த மலையில் என்ன நடந்தது என்று பார்த்தவர்கள்தான் சொல்ல வேண்டும்.

"உனக்குத் தெரியாதுன்னா தெரியாதுன்னுதான் சொல்லுவ" என்றாள். திட்டினாளா, இல்லையா?

2024 செப்டம்பர் 19

எதிர்த் தரப்பு மறுபரிசோதனை கேட்டிருந்தது. இறக்குமதிக்காரர் சார்பில் ஒரு நிபுணர் வந்து என் பக்கத்தில் நின்றார். அவர் எதிரிலேயே புதுத் துண்டைச் சீவினேன். கிழியாமல் வந்தது. நீண்ட நேரம் மைக்ரோஸ்கோப்பில் பார்த்தார். நிமிர்ந்து, முடிவைப் பற்றி எதுவும் சொல்லாமல், "நல்ல செக்ஷன்" என்றார், என் சீவலைத்தான்.

ரெஜி சார் மதியம் எனக்குப் பாயசம் வாங்கித் தந்தார். அவருக்கு அவ்வளவு பேசத்தான் தெரியும்.

2025 ஜனவரி 19, ஞாயிறு

அம்மா போன். குரல் தாழ்ந்திருந்தது.

குற்றாலலிங்கம் அடிக்கடி வந்து போகிறாராம். பட்டறையில் இருக்கும் மரம் 2023 பிப்ரவரிக்கு முன்பே வாங்கியது, விதி வருவதற்கு முந்தைய சரக்கு என்று பிரபின் கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டும். அப்படிச் சொன்னால் அந்த மரத்துக்குக் குற்றமில்லை, கதவுகள் திரும்பக் கிடைத்துவிடும். அவனைப் போல இன்னும் இரண்டு பட்டறைக்காரர்கள் ஒத்துக்கொண்டார்களாம்.

"உனக்கு எதிரா நிக்கப் போறான் மக்கா. எனக்கு என்ன செய்யன்னு தெரியல" என்றாள்.

எனக்கு எதிராக இல்லைம்மா, நான் மரம் என்னவென்று மட்டும்தான் சொல்கிறேன் என்றேன். சொல்லிவிட்டேன். ஆனால் எனக்கு எதிராகத்தான். டிசம்பரில் எடுத்தது என்று என்னிடமே சொன்னவன்.

2025 பிப்ரவரி 10, திங்கள்

நாளை என் சாட்சி. அரசு வக்கீல் கூப்பிட்டிருந்தார். இளைஞர், படபடப்பு. எதிர்த் தரப்பு கேட்டால், இந்த மரம் ஆப்பிரிக்காவில் வளர்ந்தது என்று ஆய்விலிருந்தே தெரிகிறது என்று உறுதியாகச் சொல்லிவிடுங்கள் என்றார். சீவலில் அது தெரியாது என்றேன். ஜட்ஜுக்கு அதெல்லாம் புரியாது, நீங்கள் டாக்டர், நீங்கள் சொன்னால் நிற்கும் என்றார்.

எனக்கும் ஆசைதான். ஒரு வார்த்தை. அந்த ஆப்பிரிக்கப் பெண்மணியை நினைத்தாவது சொல்லிவிடலாமா? கடத்தல்காரன் பொய் சொல்கிறான், நல்லதுக்காக நானும் கொஞ்சம் நீட்டிச் சொன்னால் என்ன?

இல்லை. சீவல் என்ன சொல்கிறதோ அது மட்டும்.

2025 பிப்ரவரி 11, செவ்வாய்

வஞ்சியூர் கோர்ட்டு. உள்ளே நெருக்கம், ஜன்னல்கள் திறந்திருந்தன. சாட்சி சொல்ல இருக்கிறவர்கள் உள்ளே உட்காரக் கூடாது, வராந்தாவில் நின்றார்கள். ஜன்னல் பக்கத்தில் பிரபினின் நீலச் சட்டை தெரிந்தது.

எதிர்த் தரப்பு வக்கீல் வயதானவர், மரியாதையாகத்தான் பேசினார். மலையாளத்தில் கேட்டார், மலையாளத்தில் சொன்னேன். எப்படிச் சீவினேன், எதைப் பார்த்தேன், எதனால் வேங்கைச் சாதி என்கிறேன் என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே வந்தார். எல்லாம் சொன்னேன். கடைசியில்தான் அந்தக் கேள்வி வந்தது. இந்தச் சீவலைப் பார்த்து, மரம் ஆப்பிரிக்காவில் வளர்ந்தது என்று உங்களால் சொல்ல முடியுமா?

அரசு வக்கீல் என்னைப் பார்த்தார்.

"முடியாது" என்றேன்.

நிச்சயமாக முடியாதா என்று வயதான வக்கீல் மறுபடி கேட்டார். வேங்கைச் சாதி என்பது நிச்சயம், எந்த நாட்டில் வளர்ந்தது என்று சீவல் சொல்லாது என்றேன். திருப்தியாக உட்கார்ந்துவிட்டார். அரசு வக்கீல் நெற்றியில் கை வைத்துக்கொண்டார்.

ஜட்ஜ் அம்மா பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னிடம் நேராகக் கேட்டார். அப்படியானால் ஆப்பிரிக்கா என்று சொல்வது யார்?

"நான் சொல்லவில்லை. மரத்தோடு வந்த இறக்குமதிக்காரரின் காகிதம் சொல்கிறது. என்ன மரம் என்று காகிதத்தில் இல்லை, அதை நான் சொன்னேன்."

ஜட்ஜ் அந்தக் காகிதத்தை வாங்கிப் படித்தார். அப்புறம் நிறைய எழுதினார். வயதான வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், லேசாகச் சிரித்த மாதிரி இருந்தது.

வெளியே வரும்போது வராந்தாவில் பிரபின் இல்லை.

டீக்கடையில், கூட வந்திருந்த ரெஜி சாருக்கு டீயை ஆற்றிக் கொடுத்தேன். என் வாழ்க்கையில் நான் சொன்ன மிகச் சிறந்த சொல் 'முடியாது' என்பதுதான் என்று தோன்றியது.

2025 பிப்ரவரி 23

பிரபின் சாட்சி அடுத்த வாரம். அம்மாவும் போன் செய்யவில்லை. நானும் செய்யவில்லை.

2025 மார்ச் 4, செவ்வாய்

போக வேண்டாம் என்று இருந்தேன். போனேன். என் சாட்சி முடிந்துவிட்டதால் உள்ளே உட்கார விட்டார்கள். கடைசி பெஞ்சு. குற்றாலலிங்கம் முன்வரிசையில், வெள்ளை வேட்டி, சந்தனப் பொட்டு.

பிரபினுக்கு முன்னால் ஒரு பட்டறைக்காரர் ஏறினார். விதிக்கு முன்பே வாங்கிய மரம் என்று சொல்லி இறங்கினார். சுலபமாக முடிந்தது.

அடுத்து பிரபின். முடியைப் படிய வாரியிருந்தான், சின்ன வயதில் பள்ளிக்கூடத்துக்குப் போகும்போது அம்மா வாரிவிடுவது போல. மரத்தை எப்போது வாங்கினீர்கள் என்று அதே வயதான வக்கீல் கேட்டார். கேட்கும்போதே அடுத்த கேள்விக்குக் காகிதத்தைத் திருப்பிவிட்டார்.

"போன வருசத்துக்கு முந்தின டிசம்பர்."

வக்கீல் நிமிர்ந்தார். கேள்வி சரியாகப் புரிந்ததா, 2022 டிசம்பரைச் சொல்கிறீர்களா என்று உதவி செய்வதுபோல் கேட்டார்.

"இல்ல சார். இருபத்துமூணு டிசம்பர். வேற மாதிரி சொல்லச் சொன்னாங்க. நான் சொல்லல."

குற்றாலலிங்கம் எழுந்து வெளியே போனார். பிரபின் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றான். அந்த ஒரு வாக்கியத்தோடு கதவுகள் போயின, வில்லா வேலை போனது. இனி அந்த மார்க்கெட்டில் யாரும் அவனுக்கு லேசில் மரம் இறக்க மாட்டார்கள். எல்லாம் தெரிந்துதான் சொன்னான்.

எனக்கு எத்தனையோ பெருமைகள் உண்டு, இங்கே அவ்வப்போது எழுதியும் வைத்திருக்கிறேன். அதெல்லாம் சில்லறை. என் தம்பி கூண்டில் நின்று தன் சோற்றைத் தானே தள்ளிவைத்ததைக் கண்ணால் பார்த்தேன்.

வராந்தாவில் அவன்தான் என்னிடம் வந்தான். ஒரு வருஷத்துக்குப் பிறகு.

"அன்னைக்கு நீ முடியாதுன்னு சொன்னப்ப, நீ தோத்துட்டன்னு நெனச்சேன். சந்தோசமாக்கூட இருந்துச்சு, கேட்டியா. வண்டி எடுத்துட்டுப் பாதி தூரம் போனப்பறம்தான் அது உள்ள உறைச்சுச்சு. உனக்கு ஒரு பொய் போதும், ஜெயிச்சிருப்ப. எனக்கும் ஒரு பொய்தான் வேணும். நீ சொல்லாதத நான் எப்படிச் சொல்ல?"

அவன் சட்டைக் காலர் மடங்கியிருந்தது, சரிசெய்துவிட்டேன். சாப்பிட்டியா என்று கேட்டேன்.

2025 மார்ச் 5

அம்மா வந்துவிட்டாள். பையில் அதே சேலைகள்.

2025 ஜூலை 8

தீர்ப்பு. மரம் முழுவதும் பறிமுதல். இறக்குமதிக்காரர் மேல்முறையீடு போவார், போகட்டும். அறிவியல் சான்று எங்கே முடிகிறது, எங்கே ஆவணம் தொடங்குகிறது என்று சாட்சி தெளிவாகச் சொன்னதால் அதை நம்ப முடிகிறது என்று ஜட்ஜ் எழுதியிருக்கிறாராம். ரெஜி சார் அந்த வரியை இரண்டு முறை வாசித்துக் காட்டினார். அரசு வக்கீலும் போன் செய்தார். ரொம்ப நேரம் வேறு எதையெதையோ பேசிவிட்டு வைத்தார்.

ஆப்பிரிக்கப் பெண்மணிக்குச் செய்தி அனுப்பினேன். பிடிபட்ட மரம் மறுபடி முளைக்காது, ஆனால் அடுத்த லாரிக்காரன் யோசிப்பான் என்று பதில் போட்டிருந்தார்.

பிரபின் பட்டறையில் இப்போது ஒரே ஒரு ஆள்தான். பழைய ஜன்னல் சரிசெய்வது, கட்டில் கால் போடுவது என்று ஓடுகிறது. அவனும் அனுஷாவும் ஞாயிற்றுக்கிழமைகளில் ஸ்கூட்டரில் கிராமம் கிராமமாகப் போகிறார்கள். வீட்டைச் சுற்றிய பறம்புகளில் காற்றில் சாய்ந்தது, கிணற்றுக்கு இடைஞ்சலாக நிற்பது, பட்டுப்போனது என்று பலா, பலாவின் இனமான அயினி, மகாகனி தேடி. ஒரு லாரி மரத்துக்கு ஒன்பது வீடு ஏறி இறங்க வேண்டியிருக்கிறதாம். போனில் அலுத்துக்கொண்டான். அலுப்பில் ஒரு ருசி இருந்தது.

2025 செப்டம்பர் 2

பிரபினுக்கு விதுரா பக்கத்தில் ஒரு கிராம வாசகசாலைக்குக் கதவு செய்கிற வேலை. ஒரே கதவு, இரண்டு ஜன்னல். வில்லாக்களைப் பற்றிச் சொன்ன அதே குரலில் சொன்னான்.

2025 நவம்பர் 16, ஞாயிறு

வாசகசாலைத் திறப்பு. அம்மா புதுச் சேலை கட்டிக்கொண்டு வந்தாள். போனக்காட்டிலிருந்து அவளோடு கொழுந்து பறித்த இரண்டு பேரும் வந்திருந்தார்கள். அம்மா அவர்களை இழுத்துக்கொண்டு வந்து கதவைத் தொட்டுக் காட்டினாள். இது எம் மவன் செஞ்சது என்றாள். என் பக்கம் திரும்பி, இவ மரத்துக்கு டாக்டரு, ஜட்ஜே இவகிட்டதான் கேக்கணும் என்றாள். அப்படியெல்லாம் இல்லை என்று நான் சொல்வதற்குள் அவர்கள் என் கையைப் பிடித்துக்கொண்டார்கள். விட்டுவிட்டேன்.

கூட்டம் கலைந்தபின் பிரபின் ஒரு ஸ்டூலைக் கொண்டுவந்து போட்டு, ஏறிப் பார் என்றான். கதவின் மேல் விளிம்பில், யார் கண்ணும் போகாத இடத்தில், பென்சிலால் எழுதியிருந்தான். 'அயினி. வெம்பாயம், ஆன்சன் வீட்டுப் பறம்பு. மழையில் சாய்ந்தது.' இப்போது செய்கிற ஒவ்வொரு கதவிலும் இப்படி எழுதுகிறானாம். அதன் கீழே இன்னொரு வரி: 'அக்கா பார்த்தது.'

"நான் எங்க பாத்தேன்? அத அழி" என்றேன்.

அவன் அழிக்கவில்லை. ஸ்டூலைப் பிடித்துக்கொண்டு நின்றான். பையிலிருந்து லென்ஸை எடுத்துக் குனிந்தேன். விளிம்பில் மரத்தின் வெட்டுமுகம் சுத்தமாக இழைத்து, பொன் மஞ்சளாக இருந்தது. பெரிய துளைகள், அவற்றைச் சுற்றி வெளிறிய வளையம். நிதானமாகப் பார்த்தேன்.

"பலாவோ அயினியோ, ரெண்டுல ஒண்ணு. லென்ஸ வச்சு அதுக்கு மேல சொல்ல முடியாது" என்றேன்.

"அயினின்னு நான் சொல்லுதேன். அறுக்கும்போது நான் பக்கத்துல நின்னேன்."

"அப்ப இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டு இறங்கினேன்.